பிளாஷ் விளையாட்டுகள் எங்கே போயின?

கேள்வி: 2010ஆம் ஆண்டளவில், ரியூசன் முடிந்ததும் நானும் தம்பியும் திருநெல்வேலிச் சந்திக்கு அருகிலிருந்த நெற் கபேயில் அரை மணித்தியாலத்துக்குக் காசு கட்டி, கார்ட்டூன் நெட்வேர்க் தளத்தில் ஸ்கூபி டூ விளையாடுவோம். அம்புக்குறி விசைகள் அவனுக்கு, ஸ்பேஸ் பார் எனக்கு. இப்போது மகளுக்குக் காட்டத் தேடினால் வெறும் சாம்பல் நிறக் கட்டம்தான் தெரிகிறது. அவையெல்லாம் அழிந்துவிட்டனவா?
– வாசகி, கொக்குவில்

பதில்: பெரும்பாலானவை அழியவில்லை, அவற்றை இயக்கிய பிளாஷ் பிளேயர்தான் இல்லாமற் போனது. பாதுகாப்புக் குறைகள் மலிந்திருந்த அந்த மென்பொருளைக் கைவிடுவதாக 2017இல் அறிவித்த அடோபி நிறுவனம், 2020 டிசம்பர் 31 உடன் ஆதரவை நிறுத்தி, 2021 ஜனவரி 12 முதல் அது எந்தப் பிளாஷ் கோப்பையும் இயக்காதவாறு தடுத்துவிட்டது. தொலைக்காட்சித் தொடர்களுக்கான விளம்பரமாகவே இவ்விளையாட்டுகள் இலவசமாகத் தரப்பட்டன என்பதால், தொடர் ஓய்ந்ததும் அவற்றைப் பேணும் அக்கறையும் ஓய்ந்தது.

உங்களுக்கு நினைவிருக்கும்: ஏற்றப் பட்டை மெல்ல மெல்ல நிரம்பி முடிந்த பின்னர், இணைப்பு அறுந்தாலும் விளையாட்டு நிற்காது. (மின்சாரம் போனால் மட்டும் கட்டிய காசும் போகும்.) படம், ஒலி, விதிகள் அனைத்தும் பெரும்பாலும் ஒரே கோப்பில் அடங்கியிருந்ததே அதற்குக் காரணம், அந்தக் கோப்பை யாரோ சேமித்து வைத்திருந்தால் இன்றும் உயிர்ப்பிக்க முடிவதும் அதனாற்றான். விளையாட்டின் ஒவ்வொரு கட்டத்தையும் தளத்தின் வழங்கிக் கணினியிலிருந்து தனித்தனியே எடுத்து வந்த விளையாட்டுகளே பாதியில் நின்றுவிடுகின்றன.

இணைய நூலகமான இன்டர்நெட் ஆர்க்கைவ் 2020 நவம்பர் முதல், ரஃபிள் என்ற திறந்தமூல மென்பொருளின் துணையுடன், பழைய பிளாஷ் ஆக்கங்களை உலாவியிலேயே இயக்கித் தருகிறது. 2006இல் பிளாஷ் 9 உடன் புதிய நிரல்மொழி வந்தது. அதற்கு முந்திய முறையில் எழுதப்பட்டவை ரஃபிளில் நன்றாகவே ஓடுகின்றன, பிந்தியவை சில வேளைகளில் இடறுகின்றன. அங்கே கிடைக்காவிடின், ஒன்றரை இலட்சத்துக்கும் அதிகமான விளையாட்டுகளையும் அசைபடங்களையும் திரட்டியுள்ள பிளாஷ்பொயின்ற் தொகுப்பை வீட்டுக் கணினியில் நிறுவித் தேடுங்கள். தேடும்போது தொடரின் பெயரை ஆங்கிலத்தில் இடுவதே பயன் தரும்.

பழைய பிளாஷ் பிளேயரைத் தருவதாகக் கூறும் தளங்களின் பக்கமே போகாதீர்கள். அடோபியே விநியோகத்தை நிறுத்திவிட்ட ஒன்றை மற்றவர்கள் தரும்போது, கூடவே வைரஸும் வரக்கூடும்.

மகளிடம் கைபேசியைக் கொடுத்துவிடாமல், விசைப்பலகையுள்ள கணினியிலேயே விளையாட விடுங்கள். தொடுதிரையில் அம்புக்குறிக்கும் ஸ்பேஸ் பாருக்கும் இரண்டு பேர் இருக்க வழியில்லை.