வராத ஆண்டு

அன்புள்ள ஆசிரியருக்கு,

திருப்பத்தூரைச் சொந்த ஊராகக் கொண்ட நான் பெங்களூரு ஒயிட்ஃபீல்டில் மென்பொருள் துறையில் பணியாற்றுகிறேன். ஜவ்வாது மலைச் சிற்றூர் ஒன்றைக் களமாகக் கொண்டு என் முதல் நாவலை எழுதிவருகிறேன். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை தோன்றி, ஒரு மாதம் ஒளிர்ந்து மறையும் பச்சை விண்மீன் ஒன்றை அதற்காகக் கற்பனை செய்திருக்கிறேன். அவ்வூரார் அதைக் குலதெய்வமாகக் கருதி விழா எடுக்கிறார்கள். கைப்பிரதியைப் படித்த நண்பர் ஒருவர் இப்படியொரு விண்மீன் இருக்கவே முடியாது என்கிறார். இன்னொருவர் தொன்மத்துக்கு அறிவியல் எதற்கு என்கிறார். இருவரில் யார் சொல்வதை நான் கேட்க வேண்டும்?

ஒரு வாசகர், பெங்களூரு

அன்புள்ள நண்பருக்கு,

இருவர் சொல்வதையும் முழுதாகக் கேட்க வேண்டியதில்லை. நிறத்தை விட்டுவிட்டால், உங்கள் விண்மீனுக்கு மிக நெருங்கிய உறவு ஒன்று வானத்தில் இருக்கவே செய்கிறது. விருச்சிகத்துக்கு வடக்கே, ஒஃபியூக்கஸ் மண்டலத்தில் உள்ள ஆர்.எஸ். ஒஃபியூக்கி என்பது ஓர் இரட்டை. எரிந்து முடிந்து சுருங்கிய வெண்குள்ள விண்மீன், பக்கத்தில் பருத்து நிற்கும் செந்நிறத் துணையிடமிருந்து ஹைட்ரஜனைக் கொஞ்சம் கொஞ்சமாக இழுத்துத் தன்மேல் சேர்த்துக்கொள்கிறது; சேர்ந்தது ஓர் அளவைக் கடந்ததும் வெடிக்கிறது. மற்ற நாட்களில் தொலைநோக்கி இல்லாமல் பார்க்க முடியாத அது, வெடிக்கும்போது மட்டும் இருண்ட மலையூர் ஒன்றிலிருந்து வெறுங்கண்ணுக்குத் தெரியும் அளவுக்கு எழுந்து, சில நாட்களில் மீண்டும் மங்கிவிடுகிறது. (ஒயிட்ஃபீல்டின் அடுக்குமாடி மொட்டைமாடியிலிருந்து அதைத் தேட வேண்டாம், அங்கே எழுமீன் என்னும் சப்தரிஷி மண்டலம் முழுதாகத் தெரிந்தாலே பெரிது.) அந்தச் சில நாட்களை ஒரு மாதமாக நீட்டிக்கொள்ளும் உரிமை நாவலாசிரியருக்கு உண்டு.

உங்கள் கைப்பிரதியில் எனக்கு உறுத்துவது அந்தப் பன்னிரண்டுதான். ஆர்.எஸ். ஒஃபியூக்கி 1958, 1967, 1985, 2006, 2021 ஆகிய ஆண்டுகளில் வெடித்தது. இடைவெளி ஒன்பது ஆண்டாகவும் இருந்திருக்கிறது, இருபத்தொன்றாகவும் இருந்திருக்கிறது. இத்தகைய விண்மீன்கள் நாள் குறித்து வருவதில்லை. பன்னிரண்டு என்பது வியாழனுக்குரிய எண்; அதைக் கேட்டதும் தமிழ் வாசகரின் மனம் குருப்பெயர்ச்சிக்கும் கும்பகோணத்து மகாமகத்துக்கும் போய்விடும். அந்த வியாழனும் சூரியனைச் சுற்ற எடுத்துக்கொள்வது 11.86 ஆண்டுகள்தான் என்பதால் கணக்கு எப்போதாவது ஓர் ஆண்டு நழுவுகிறது. ஹரித்துவாரில் 2010-க்கு அடுத்த கும்பமேளா 2021-லேயே நடந்தது.

இதைவிட முக்கியமான ஒன்று உண்டு. ஆர்.எஸ். ஒஃபியூக்கி இருக்கும் திசையைச் சூரியன் ஒவ்வோர் ஆண்டும் மார்கழியை ஒட்டிக் கடக்கிறது. அவ்வேளையில் வெடித்தால் அந்த ஒளி பகலுக்குள் மூழ்கிவிடும்; இரவில் பார்ப்பவர்க்கு அது தெரியாது. 1907-லும் 1945-லும் அது வெடித்திருக்க வேண்டும் என்பது பழைய ஒளி அளவீடுகளிலிருந்து பின்னாளில்தான் ஊகித்து அறியப்பட்டது. இதை உங்கள் ஊருக்குக் கொண்டுவாருங்கள்: தெய்வம் வந்துவிட்டுப் போயிருக்கிறது, ஊரில் ஒருவரும் பார்க்கவில்லை, வரவில்லை என்றே எல்லோரும் நம்புகிறார்கள். நீங்கள் எழுதியிருக்கும் விழாக் காட்சிகளைவிட இந்த ஓர் ஆண்டில் கதை அதிகம்.

நிறத்தைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. விண்மீனின் நிறம் அதன் வெப்பத்தைப் பொறுத்தது. பச்சை ஒளியை மிகுதியாக வீசும் விண்மீன் மற்ற நிறங்களையும் சேர்த்தே வீசுவதால் நம் கண்ணுக்கு அது வெண்மையாகவே படும். கேட்டையின் சிறு துணைமீன் தொலைநோக்கியில் பசுமையாகத் தோன்றுவதும் பக்கத்திலுள்ள சிவப்பின் மயக்கமே. பச்சையை விட்டுவிடுங்கள்.

இனி இரண்டாம் நண்பர். தொன்மத்துக்கு இயற்பியல் தேவையில்லை என்பதில் எனக்கும் உடன்பாடுதான். ஆனால் அது விண்மீனின் வழக்கத்தை, எங்கே எழுகிறது, எப்போது மறைகிறது என்பதை, விடாமல் பற்றிக்கொள்கிறது. கயிலையில் சிவனின் திருமணத்துக்கு எல்லோரும் திரண்டதால் வடக்கு தாழ்ந்து தெற்கு உயர்ந்தது என்றும், அதைச் சமன் செய்ய அகத்தியர் பொதிகைக்கு அனுப்பப்பட்டார் என்றும் சொல்கிறோம். அகத்திய விண்மீன் தில்லியில் தொடுவானத்திலிருந்து ஏறக்குறைய 9 பாகைக்கு மேல் ஏறுவதில்லை. பெங்களூரில் 24, பொதிகையில் 28-க்கும் மேல். தெற்கே நடக்க நடக்க அந்த முனிவர் உயர்ந்துகொண்டே வருகிறார். மழைக்காலத்தின் முடிவில் அவ்விண்மீன் மீண்டும் எழும்போது கலங்கிய நீர் தெளிகிறது என்று காளிதாசரும் ரகுவம்சத்தில் சொல்லியிருக்கிறார்.

வானம் தருவதையெல்லாம் ஊர் ஏற்றுக்கொள்வதும் இல்லை. பெங்களூரு கவிபுரத்துக் குகைக் கோயிலில் மகர சங்கராந்தி மாலையில் சூரிய ஒளி நந்தியின் கொம்புகளுக்கு இடையே நுழைந்து லிங்கத்தின்மேல் விழுவதைக் காணக் கூட்டம் நெரிகிறது. சூரியன் வடக்கே திரும்பத் தொடங்கும் டிசம்பர் 21-க்கு இப்பால் எத்தனை நாளோ அப்பாலும் அத்தனை நாள் என்ற கணக்கில், நவம்பர் இறுதியிலும் சூரியன் அதே இடத்தில்தான் மறைகிறது. அந்த நாட்களுக்குத் திருவிழா இல்லை. உங்கள் ஊர் எதை விழாவாக்கியது, எதைக் கண்டும் விட்டுவிட்டது என்பதை நீங்கள் இன்னும் யோசிக்கவில்லை என்று தோன்றுகிறது.

அவ்வூரார் விண்மீனைப் பார்த்து விழா எடுக்கிறார்களா, பஞ்சாங்கத்தைப் பார்த்தா? திருவாதிரை விண்மீன் 2019-இன் இறுதியில் மங்கத் தொடங்கி, 2020 பிப்ரவரிக்குள் வழக்கமான ஒளியில் மூன்றில் ஒரு பங்கை ஒட்டிச் சுருங்கியது; அது கக்கிய தூசே அதை மறைத்தது என்று பிறகு கண்டறிந்தார்கள். வானியலாளர்கள் உறக்கமின்றிப் பார்த்துக்கொண்டிருந்த அந்த மார்கழியிலும் ஆருத்ரா தரிசனத்துக்கு நாள் குறிக்க யாரும் வானத்தை அண்ணாந்து பார்க்க வேண்டியிருக்கவில்லை.

கடைசியாக, கதை நடக்கும் காலத்தை முடிவு செய்யுங்கள். ஜவ்வாது மலையில் காவலூர் வானாய்வகம் 1960-களின் இறுதியில் வந்துவிட்டது, 2.34 மீட்டர் தொலைநோக்கி 1986-இல் நிறுவப்பட்டது. அதற்குப் பின் கதை நடந்தால், வராத தெய்வத்துக்கு விளக்கம் சொல்ல அடுத்த குன்றிலேயே ஆள் இருக்கிறார். பூசாரி அவரிடம் போவாரா மாட்டாரா என்பதை நீங்கள் எழுதியாக வேண்டும். அதற்கு முன் நடந்தால், அந்த ஆண்டு விழாவை நடத்துவதா நிறுத்துவதா என்று தீர்மானிக்கும் பொறுப்பு முழுவதும் ஊரின்மேல் விழுகிறது. நான் எழுதினால் இரண்டாவதையே எடுப்பேன்.

அன்புடன்.