அப்பாவின் சோவியத் டிப்ளமோவில் இளங்கலை எங்கே?

நண்பரே, அப்பா 1984இல் மாஸ்கோ லுமும்பா பல்கலைக்கழகத்தில் பொறியியல் முடித்தவர், இப்போது பகுதிநேரமாகப் பாடம் எடுக்கப் போன கல்லூரியில் “இளங்கலைச் சான்றிதழ் எங்கே, மதிப்பெண் ஏன் வெறும் 4, 5” என்கிறார்கள் என்று எழுதியிருந்தீர்கள். எதுவும் தொலையவில்லை. சோவியத் காலத்தில் பொறியியலை இளங்கலை, முதுகலை என்று பிரிக்கவே மாட்டார்கள், ஏறக்குறைய ஐந்து வருடம் ஒரே மூச்சாகப் படித்து, கடைசியில் தேர்வுக் குழு முன் நின்று ஆய்வுத் திட்டத்தை விளக்கி முடித்தால் கையில் டிப்ளமோ. அந்த வார்த்தைதான் வினையே, நம்மூர் பாலிடெக்னிக் என்று நினைத்துவிடுகிறார்கள்.

மதிப்பெண்ணில் 5தான் உச்சம், 3 பாஸ், 2 ஃபெயில். சில பாடங்களுக்கு எண்ணே இல்லாமல் ‘ஸச்சோத்’ என்றிருக்கும், தேர்ச்சி என்று மட்டும் அர்த்தம். டிப்ளமோவின் அட்டை சிவப்பாக இருந்தால் சிறப்புத் தேர்ச்சி என்று பொருள், அப்பா கெட்டிக்காரர், அதையும் சொல்லுங்கள்!

இளங்கலை, முதுகலைப் பிரிவெல்லாம் 1990களில்தான் வந்தது, ஐரோப்பிய நாடுகள் பட்டங்களை ஒரே மாதிரி அமைத்துக்கொண்ட போலோன்யா முறையில் ரஷ்யா சேர்ந்ததே 2003இல். அப்புறம் ஒன்று, அந்தப் பல்கலைக்கழகம் 1992இல் லுமும்பா பெயரை விட்டுவிட்டு 2023இல்தான் திரும்ப வைத்துக்கொண்டது, அதனால் இடைக்காலக் கடிதங்களில் வேறு பெயர் இருந்தால் குழம்ப வேண்டாம். மதிப்பெண் பட்டியலையும் சேர்த்து மொழிபெயர்த்து, வெளிநாட்டுப் பட்டம் நம்மூர்ப் பட்டத்துக்குச் சமம் என்று காட்டும் சமநிலைச் சான்றிதழுக்கு விண்ணப்பியுங்கள். இதை முன்பு இந்தியப் பல்கலைக்கழகங்கள் சங்கம் தந்துவந்தது, 2025இல் பல்கலைக்கழக மானியக் குழு (யுஜிசி) புதிய விதிகள் கொண்டுவந்ததால் இப்போது யாரிடம் விண்ணப்பிப்பது என்று முதலில் உறுதிசெய்துகொள்ளுங்கள்.