ஏஜென்சிக்கு நீங்கள் கொடுக்கும் கைமாற்று

கேள்வி: வயது 38. சென்னையில் சீரியல்களுக்குப் பின்னணி இசையும் விளம்பர ஜிங்கிளும் செய்கிறேன். மாதம் ஒரு விளம்பரம் வரும். பேக்கேஜ் 1,50,000 ரூபாய். அதில் வாத்தியக் கலைஞர்கள், ஸ்டுடியோ, மிக்சிங் என 70,000 என் கைக்காசு. ஏஜென்சி பணம் தர நாலு மாதம் ஆகிறது. அதுவரை வீட்டுச் செலவுக்குக் கிரெடிட் கார்டுதான். பாக்கி 2,80,000; மினிமம் ட்யூ (மாதம் கட்டியே ஆக வேண்டிய குறைந்தபட்சத் தொகை) தவறாமல் கட்டுகிறேன். எஃப்டியில் 1,50,000 இருக்கிறது. மச்சான் சொல்லும் யூலிப்பில் (காப்பீடும் முதலீடும் கலந்த பாலிசி) மாதம் 10,000 போடலாமா, ஸ்மால் கேப் எஸ்ஐபி (சிறிய கம்பெனிப் பங்குகளில் மாதாமாதம் போடும் ஃபண்ட்) நல்லதா?

பதில்: இரண்டும் வேண்டாம். அந்தப் பத்தாயிரத்தை நீங்கள் ஏற்கெனவே மாதாமாதம் கட்டிக்கொண்டுதான் இருக்கிறீர்கள், வங்கிக்கு!

கார்டு வட்டி மாதம் 3.5 சதவீதம் என்று வையுங்கள். 2,80,000க்கு 9,800. அதன்மேல் 18 சதவீத ஜிஎஸ்டி சேர்த்தால் 11,500க்குக் கொஞ்சம் மேல். மினிமம் ட்யூ 5 சதவீதம் என்றால் 14,000 கட்டுகிறீர்கள்; அசலில் குறைவது வெறும் 2,400 சொச்சம். போதாக்குறைக்கு, பாக்கி நிற்கும்வரை வட்டியில்லா நாட்கள் கிடையாது. இன்று வாங்கும் மளிகைக்கும் இன்றிலிருந்தே வட்டி. 'தவறாமல் கட்டுகிறேன்' என்று பெருமையாக எழுதியிருக்கிறீர்கள். அந்தப் பழக்கம்தான் உங்களைத் தின்கிறது.

பாக்கித்தொகையையே பாருங்கள். நாலு மாதம், மாதம் 70,000: சரியாக 2,80,000. புல்லாங்குழல்காரர் பையை மூடுவதற்குள் அவருக்கு ஜிபே செய்துவிடுகிறீர்கள். நல்ல குணம், மாற்றிக்கொள்ளாதீர்கள். ஆனால் அது ஏஜென்சி கொடுக்க வேண்டிய காசு. 42 சதவீத வட்டிக்கு வாங்கி, வட்டியே இல்லாமல் அவர்களுக்குக் கைமாற்று கொடுக்கிறீர்கள்.

எஃப்டியை நாளையே உடைத்துக் கார்டில் கட்டுங்கள். ஏழு சதவீதம் வாங்கிக்கொண்டு 42 கொடுப்பதில் என்ன சேமிப்பு? மீதி 1,30,000. அடுத்து வரும் இரண்டு செக்கிலும் முதல் 70,000 கார்டுக்கு, அப்புறம்தான் மற்றதெல்லாம். ஏஜென்சி முன்கூட்டியே பிடிக்கும் வருமான வரி, அதாவது டிடிஎஸ், 10 சதவீதம் போக 1,35,000தான் கைக்கு வரும், மறக்க வேண்டாம்.

இனி ரெக்கார்டிங்குக்கு முன் பாதி அட்வான்ஸ். 75,000இல் டிடிஎஸ் போக 67,500 வந்தால் அன்றைய செலவு கிட்டத்தட்ட முடிந்தது. மறுத்தால், கலைஞர் சம்பளத்தையும் ஸ்டுடியோ வாடகையையும் அவர்களையே நேரடியாகக் கொடுக்கச் சொல்லி, உங்கள் இசைக்கு மட்டும் பில் போடுங்கள். வேலை போய்விடும் என்று பயப்படுவீர்கள். ஒன்றிரண்டு போகலாம்தான். சிறு நிறுவனங்களுக்கான அரசின் உத்யம் பதிவு இலவசம்; அதையும் செய்து, எண்ணைப் பில்லில் போடுங்கள். சிறு நிறுவனங்களுக்கு 45 நாளுக்குள் பணம் தர வேண்டும் என்பது சட்டம். இழுத்தடித்தால் அந்தச் செலவை, பணம் கொடுக்கும்வரை வருமான வரிக் கணக்கில் கழிக்க முடியாது. கணக்குப் பிரிவுக்குப் புரியும் பாஷை இதுதான்.

மச்சானிடம் கார்டைக் காரணம் காட்டிவிடுங்கள்; பொய்யில்லையே. காப்பீடு வேண்டுமென்றால் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (முதலீடு கலக்காத ஆயுள் காப்பீடு) போதும்.

இசையமைப்பாளர்களுக்கு ராயல்டி வசூலித்துத் தரும் சங்கமான ஐபிஆர்எஸ்ஸில் உறுப்பினரா என்று எழுதவில்லை. இல்லையென்றால் சேர்ந்து, செய்த டியூன்களைப் பதிவு செய்யுங்கள். 2012 பதிப்புரிமைத் திருத்தத்துக்குப் பிறகு ராயல்டிப் பங்கை வாரிசுக்கோ அப்படிப்பட்ட சங்கத்துக்கோ தவிர யாருக்கும் எழுதிக் கொடுத்துவிட முடியாது. எவ்வளவு வரும் என்று மட்டும் இப்போதே கணக்குப் போட்டுக் கார்டைத் தேய்த்துவிடாதீர்கள்.