சூரிய மின்சாரம் இவ்வளவு மலிவாகிவிட்டது என்றால், உலகம் ஏன் இன்னும் நிலக்கரியையும் எண்ணெயையும் விடவில்லை?

மின்சாரத்தையும் மொத்த எரிசக்தியையும் ஒன்றாக நினைப்பதால் வரும் குழப்பம் இது. 2023-இல் உலக மின் உற்பத்தியில் சுமார் 30 சதவீதம் புதுப்பிக்கத்தக்க மூலங்களிலிருந்து வந்தது. நல்ல எண்தான். ஆனால் நாம் பயன்படுத்தும் எரிசக்தியில் மின்சாரத்தின் பங்கே ஏறத்தாழ ஐந்தில் ஒன்று. மீதியில் பெரும்பகுதி வாகனங்களிலும் கப்பல்களிலும் உலைகளிலும் நேரடியாக எரிகிறது.

எஃகு ஆலையில் நிலக்கரி வெறும் வெப்பத்துக்காக அல்ல. இரும்புத் தாதுவிலிருந்து ஆக்சிஜனைப் பிரித்தெடுப்பதும் அதுதான். அங்கே சோலார் பேனலை மட்டும் வைத்து என்ன செய்வது? அந்த வேலைக்கு ஹைட்ரஜன் வேண்டும், அதற்கேற்ற புது உலையும் வேண்டும். சிமென்ட் இன்னும் மோசம்: சுண்ணாம்புக்கல்லைச் சுடும்போது கல்லே கார்பன் டை ஆக்சைடை வெளியிடும், எரிபொருளை மாற்றினாலும் அது நிற்காது.

விலை விஷயத்தில் நீங்கள் சொல்வது சரி. 2010-க்குப் பிறகு சூரிய மின்சாரத்தின் செலவு சுமார் 90 சதவீதம் குறைந்துவிட்டது. ஆனால் அந்த மலிவு நண்பகலுக்கு உரியது. மாலைத் தேவையை பேட்டரி சமாளிக்கும். காற்றும் வெயிலும் இல்லாத குளிர்கால வாரங்களை இன்றைய பேட்டரிகள் தாங்காது.

என்னைக் கேட்டால், பெரிய முட்டுக்கட்டை மின்கம்பிதான். சூரியப் பண்ணையை ஓரிரு ஆண்டில் கட்டிவிடலாம். அதை இணைக்கும் உயர் அழுத்தப் பாதைக்கு நிலமும் அனுமதியும் கிடைக்கவே பல ஆண்டுகள் ஓடிவிடும்.

அதற்காக முடியாத காரியம் என்றில்லை. 2012-இல் பிரிட்டனின் மின்சாரத்தில் ஏறத்தாழ 40 சதவீதம் நிலக்கரியிலிருந்து வந்தது. 2024 செப்டம்பரில் அந்நாட்டின் கடைசி நிலக்கரி மின் நிலையம் மூடப்பட்டது.