ரவுலியா மெத்தையின் நடுப்பகுதி பழுப்பேறுவது ஏன்?

கேள்வி: தொட்டியில் வெள்ளிநிற மெத்தையாகப் படர்ந்திருந்த என் ரவுலியா ஆஸ்திராலிஸ் செடி, குளிர்காலம் முடிந்ததும் நடுவில் பழுப்பேறிக் குழிந்துவிட்டது. தண்ணீர் போதவில்லை என்றெண்ணித் தினமும் மேலே தெளித்தும் பழுப்பு பரவுகிறது. காப்பாற்ற முடியுமா?

பதில்: முடியும், ஆனால் மேலிருந்து தெளிப்பதை இன்றே நிறுத்திவிடுங்கள். பழுப்பான இடத்தை விரலால் அழுத்திப் பாருங்கள். நீர் வற்றிக் காய்ந்த பகுதி மொரமொரப்பாக இருக்கும்; அழுகிய பகுதி நொளுநொளுவென்று உள்வாங்கும். நீங்கள் சொல்லும் குழிவும், தெளிக்கத் தெளிக்க அது பரவுவதும் அழுகலையே காட்டுகின்றன.

சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்த இச்செடியின் தாயகம் நியூசிலாந்து. 1840களில் அங்கே தாவரங்களைச் சேகரித்த பிரெஞ்சுக் கடற்படை மருத்துவர் எத்தியென் ரவுலின் பெயரே இப்பேரினத்துக்குச் சூட்டப்பட்டது. தெற்குத் தீவின் ஆற்றுப்படுகைச் சரளையிலும் காற்று ஓயாத வறண்ட வெளிகளிலும் இது தரையோடு தரையாகப் படர்கிறது. இலைகளுக்கு வெள்ளிநிறம் தரும் நுண்மயிர்கள் கடும் வெயிலையும் உலர்காற்றையும் தாங்க உதவுபவை; ஆனால் காற்றோட்டமற்ற இடத்தில், அதுவும் குளிர்காலத்தில், அதே மயிர்களிடையே தங்கும் ஈரம் உலர வழியின்றிப் பூஞ்சைக்கு இடம் கொடுத்துவிடுகிறது. இச்செடியைக் கொல்வது பெரும்பாலும் குளிரன்று, குளிரோடு சேர்ந்த ஈரமே.

அழுகிய பகுதியை நல்ல பச்சைத் தண்டு தென்படும்வரை கூரிய கத்தரியால் வெட்டி நீக்குங்கள். குழியைக் கழுவிய பருமணலும் பொடிச் சரளையும் கலந்து விளிம்பு மட்டம்வரை நிரப்புங்கள். படரும் தண்டுகள் மண்ணைத் தொடும் இடங்களில் வேர்விடும் இயல்புடையவை என்பதால், வளர்பருவத்தில் ஓரங்கள் மெல்ல உள்நோக்கி நகர்ந்து அந்த இடத்தை மூடும். (இதன் உறவான ரவுலியா எக்சிமியாவுக்கு இச்சிகிச்சையைப் பரிந்துரைக்க மாட்டேன். தொலைவிலிருந்து பார்த்தால் படுத்திருக்கும் ஆடுபோல் தோன்றும் அந்த மலைச்செடி, தரையில் படராமல் நெருங்கிய தண்டுகளாலான திரண்ட திண்டாக எழும்புவது. தோட்டத்தில் வளர்ப்பதும் மிகக் கடினம்.)

மண்கலவையில் பாதிக்குக் குறையாமல் சரளை இருக்கட்டும்; மட்கிய உரம் கொஞ்சம் போதும். மெத்தைக்கும் மண்ணுக்கும் இடையே ஒரு விரற்கடை கனத்துக்குச் சரளையைப் பரப்பினால் தண்டுகளின் அடி உலர்ந்திருக்கும். சுடுமண் தொட்டியை மணல் நிரப்பிய தட்டில் பாதியளவு புதைத்து, அந்த மணலுக்கு மட்டும் நீர் விட்டால், தொட்டிச் சுவர் வழியாகக் கசியும் ஈரமே வேருக்குப் போதுமானது. குளிர்காலத்தில் அதையும் மிகவும் குறைத்து, மேலே மட்டும் கண்ணாடித் தகடு வைத்து மழையைத் தடுங்கள். பக்கங்களை மூடவே கூடாது, ஏனெனில் காற்று தடைபட்டால் மழையைத் தடுத்ததன் பயனும் போய்விடும்.

இளவேனிலில் வேரோடிய ஓரத்துண்டுகள் சிலவற்றைப் பிரித்துத் தனிச் சிறுதொட்டிகளில் ஊன்றி வையுங்கள். தாய்ச்செடி தேறாமல் போனாலும் அவற்றிலிருந்து புதிய மெத்தையை வளர்த்துவிடலாம்.