ஒத்திகையிலேயே குரல் போய்விடுகிறதே, டாக்டர்!

கேள்வி: நான் மேடை நடிகை, வயது 34. ஒன்றரை மணி நேரம் தனியாகவே நடிக்கும் நாடகம். மேடையேற ஐந்து வாரம் இருக்கிறது. தினமும் நான்கு மணி நேரம் முழுக்குரலில் ஒத்திகை. மாலையானால் தொண்டை கட்டிக்கொள்கிறது. ஒரு மாதமாக இப்படித்தான். அதனால் வீட்டில் கிசுகிசுவென்றே பேசுகிறேன். குரல் தாக்குப்பிடிக்க மருந்து உண்டா?

பதில்: முதலில் அந்தக் கிசுகிசுப்பை விடுங்கள். அது ஓய்வே அல்ல. பலருக்குத் தொண்டை இன்னும் இறுகத்தான் செய்யும். பேசுவதென்றால் இயல்பான குரலில் மெதுவாகப் பேசுங்கள், இல்லாவிட்டால் வாயைத் திறக்காதீர்கள்.

பெண் குரலில் குரல்நாண்கள் நொடிக்குச் சுமார் 200 முறை ஒன்றோடொன்று மோதுகின்றன. நான்கு மணி நேர ஒத்திகையில், மூச்சு வாங்கும் இடைவெளியைக் கழித்தாலும், கணக்கு பத்து லட்சத்தைத் தாண்டிவிடும். நாண்கள் வீங்கத்தானே செய்யும்? வீக்கத்தோடேயே கத்திக்கொண்டிருந்தால், மண்வெட்டி பிடித்த கையில் போல அங்கேயும் காய்ப்பு விழும். ஒரு மாதம் ஆகிவிட்டது என்கிறீர்கள். இந்த வாரமே காது மூக்கு தொண்டை மருத்துவரிடம் போய், சிறு கேமரா விட்டுக் குரல்நாண்களைப் பார்க்கச் சொல்லுங்கள். மருந்துப் பேச்செல்லாம் அதற்கப்புறம்தான்.

ஒத்திகையை நிறுத்தச் சொல்லவில்லை. வசனம் மனப்பாடமாகவும் அசைவுகள் படியவும் முழுக்குரல் எதற்கு? அதெல்லாம் தணிந்த குரலில் நடக்கட்டும். முழுக்குரலில் நாளுக்கு ஒரு தடவை ஓட்டிப் பார்த்தால் போதும், அதுவும் தொண்டை கட்டாத நாளில். இயக்குநர் முகம் சுளித்தால், டாக்டர் உத்தரவு என்று என் தலையில் போடுங்கள்! தொடங்குமுன் ஒரு ஸ்ட்ராவை வாயில் வைத்து ஐந்து நிமிடம் ‘ஊ’ என்று மெல்ல ஏற்றி இறக்குங்கள். நாண்கள் அதிகம் மோதாமல் குரல் பதமாகும்.

மேடையேறும் முன் மடமடவென்று தண்ணீர் குடிப்பார்கள். அது போவது உணவுக்குழாயில், குரல்நாணைத் தொடுவதில்லை. உடம்பில் சேர்ந்து அங்கே ஈரமாக நேரம் பிடிக்கும், எனவே காலையிலிருந்தே கொஞ்சம் கொஞ்சமாகக் குடியுங்கள்.

தொண்டையை மரத்துப்போக வைக்கும் மிட்டாய் மாத்திரைகள் வேண்டாம். வலி தெரியாமல் இன்னும் கத்துவீர்கள். வலிக்காக ஆஸ்பிரினும் நீங்களாகப் போடாதீர்கள், ரத்தம் கசிய வழி செய்யும். நடித்துக்கொண்டிருக்கும்போதே குரல் சட்டென்று அறுந்தால் நாணில் ரத்தம் கசிந்திருக்கலாம். அந்த இடத்திலேயே நிறுத்திவிட்டு, ஒரு வார்த்தைகூடப் பேசாமல் மருத்துவரிடம் போங்கள்.