திரைப்படக் கல்லூரிக்குப் போகாமல் கிராம வாழ்க்கையை ஆவணப்படமாக எடுக்க முடியுமா?

முடியும். இத்தாலியின் வித்தோரியோ தே சேத்தா படித்தது கட்டடக்கலை. படமெடுப்பதைத் தானாகவே கற்றுக்கொண்டார். 1954 முதல் 1959 வரை சிசிலி, சார்டினியா, கலாப்ரியா பகுதிகளில் பத்துக் குறும்படங்கள் எடுத்தார். வாள்மீன் வேட்டை, கந்தகச் சுரங்கம், மலை இடையர்கள் என எல்லாம் மறைந்துகொண்டிருந்த வாழ்க்கை.

அவரிடம் முதலில் கவனிக்க வேண்டியது ஒலியை. அந்தக் கால ஆவணப்படங்களில் ஒருவர் பின்னணியில் விளக்கிக்கொண்டே இருப்பார் (பழைய செய்திப்படம் பார்த்தவர்களுக்கு அந்தக் குரல் தெரியும்!). தே சேத்தா அதையே தூக்கிவிட்டார். மீனவர்களின் கூவல், பாட்டு, வேலைச் சத்தம் இவற்றைப் பதிவுசெய்து, அதையே தாளமாக வைத்துப் படத்தைத் தொகுத்தார். விளக்கம் இல்லாமலே நமக்குப் புரிந்துவிடும்.

அப்புறம் 1961-இல் சார்டினியா இடையர்களையே நடிக்கவைத்து ஒரு முழுநீளப் படமும் எடுத்தார்.